அலரியா, அலர்ஜியா? பூக்கன்றை வெட்ட முதல் பார்க்க வேண்டியவை

தெகிவளையில் எங்கள் வீட்டு கேற்றுக்கு மேலே ஒரு நித்தியமல்லிகை இருந்தது. இருந்தது என்றுதான் சொல்ல வேண்டும், ஏனென்றால் அதை அடியோடு வெட்டியவன் நான். முழங்கைக்குக் கீழே இரண்டு கையிலும் கடி, சிவந்து தடித்து, சொறிந்தால் நீர் கசியும், இரவில் நித்திரை இல்லை. கொடி நிறையப் பூத்திருந்த மாதம், வாசம் வீடு முழுக்க, பிறகென்ன, இதுதான் ஆள் என்று முடிவு கட்டி ஒரு ஞாயிற்றுக்கிழமை கத்தியை எடுத்தேன். அம்மா ஒரு வாரம் என்னோடு முகம் கொடுத்துக் கதைக்கவில்லை. மூன்றாம் கிழமை அதே கடி அதே இடத்துக்குத் திரும்பி வந்தது.

உண்மையான ஆள் மல்லிகைக்குக் கீழே வரிசையாக நின்ற குரோட்டன் வேலி. பேருக்குக்கூட நல்ல பூ இல்லாத கன்று. சனிக்கிழமை காலையில் அரைக்கைச் சட்டையோடு நான்தான் அதைக் கத்தரித்து விடுவேன், கடி தொடங்குவது திங்கள் இரவு. திங்கள் இரவு கடிக்கும்போது சனிக்கிழமை தொட்டதை யார் யோசிப்பார்கள்? கண்ணுக்கு முன்னால் பூத்து நின்றதைத்தான் யோசித்தேன்.

நான் செய்த பிழையை நீங்களும் செய்ய வேண்டாம். கத்தியை எடுக்க முதல் கொப்பியை எடுங்கள்.

பூவை முதலில் விட்டுவிடுங்கள்

கண்ணைப் பறிக்கிற பூ யாருக்காக அப்படிப் பூக்கிறது? தேனீயையும் வண்ணத்துப்பூச்சியையும் கூப்பிடத்தான். பூச்சி தூக்கிப் போகும் மகரந்தம் பாரமானது, பிசுபிசுப்பானது, காற்றில் ஏறி உங்கள் மூக்குக்கு வருகிற சாமான் அல்ல. நம்பாவிட்டால் காலையில் ஒரு செவ்வரத்தம்பூவின் நடுத்தண்டை விரலால் தொட்டுப் பாருங்கள். மஞ்சளாக, மணிமணியாக விரலில் ஒட்டிக்கொண்டு நிற்கும், ஊதினாலும் லேசில் போகாது. அந்த மணி ஒன்று 100 மைக்ரோமீற்றரை விடப் பெரியது. புல்லின் மகரந்தம் அதில் மூன்றில் ஒன்று, நான்கில் ஒன்றுதான் இருக்கும், அதனால்தான் அது காற்றோடு போகிறது.

ஆகவே செவ்வரத்தை, இக்சோரா, போகன்வில்லா, ரோசா என்று வண்ணவண்ணமாக நிற்பவை தும்மலுக்குக் காரணமாக இருப்பது அபூர்வம். காற்றில் மகரந்தம் விடுகிறவை பெரும்பாலும் நீங்கள் பூ என்றே கணக்கில் எடுக்காதவை. கதிர் விட்ட அறுகம்புல், சவுக்கு, ஓரளவுக்குத் தென்னையும். தென்னை கொழும்பில் வருடம் முழுக்கப் பாளை விடும், ஆகவே இங்கே பூக்காலம் என்று ஒரு மாதத்தைக் காட்டித் தப்பவும் முடியாது. கனடாவில் இருக்கும் என் மச்சாள் ஏப்ரல், மே வந்தால் பேர்ச் மர மகரந்தத்துக்குப் பயந்து ஜன்னலைப் பூட்டிக்கொண்டு மாத்திரை போடுவாள், எனக்கும் அதையே செய் என்று வட்ஸ்அப்பில் சொல்லுவாள். அவளுடைய ஊருக்கு அது சரி. கொழும்பில் ஜன்னலைப் பூட்டினால் உள்ளே இருக்கிற ஈரமும் பூஞ்சணமும்தான் உங்களைப் பிடிக்கும்.

உண்மையில் இங்கே தும்மல், மூக்கடைப்பு, காலை எழுந்ததும் கண் கடி, இவற்றுக்குப் பெரும்பாலும் மெத்தையிலும் தலையணையிலும் வாழும் கண்ணுக்குத் தெரியாத சிற்றுண்ணிதான் காரணம், அடுத்தது பூஞ்சணம். மே முதல் செப்டெம்பர் வரை தென்மேல் பருவமழை, அது விட்ட கையோடு ஒக்டோபர், நவம்பரில் பின்னேர இடிமழை. சுவர் காய நேரம் ஏது? தோட்டத்துக்கும் இதில் பங்கு இருக்கிறதுதான். சுவரோடு ஒட்டிப் படர்ந்த கொடிக்குப் பின்னால் கையை விட்டுப் பாருங்கள், அங்கே கருமையாக நிற்பது பூஞ்சணம். பூச்சாடிக்குள் அழுகும் இலை, பல்கனியில் காயாமல் கிடக்கும் மண், அதெல்லாமும் அப்படித்தான். கன்றை வெட்டத் தேவையில்லை, சுவரிலிருந்து ஒரு முழம் தள்ளி விட்டு, கீழே விழுந்த இலையைக் கூட்டி அள்ளினால் போதும். (சாடிக்குக் கீழே வைத்த தட்டில் தண்ணீர் நிற்கவும் விடாதீர்கள். அது அலர்ஜிக்கு அல்ல, டெங்குக்கு. பீ.எச்.ஐ., அதாவது பொதுச் சுகாதாரப் பரிசோதகர், வந்தால் உங்களுடைய தும்மலைப் பற்றி விசாரிக்க மாட்டார்.)

வாசம் வேறு கதை. இரவு ராணியைப் படுக்கையறை ஜன்னலுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு, இரவில் தலையிடி, மூக்கு எரிவு, தொய்வு உள்ள பிள்ளைக்கு இருமல் என்று அல்லாடுகிறவர்கள் வெள்ளவத்தையில் எனக்குத் தெரிந்தே இரண்டு வீட்டில் இருக்கிறார்கள். அது மகரந்தத்துக்கு வரும் ஒவ்வாமை அல்ல, கடும் வாசனை மூக்கையும் மூச்சுக்குழாயையும் உறுத்துவது. பரிசோதனை செய்தால் ஒன்றும் காட்டாது. மருந்தும் வேண்டாம், சாடியைக் கேற்றடிக்கு நகர்த்துங்கள், அவ்வளவுதான்.

கொப்பியில் என்ன எழுதுவது

மூன்று கிழமைக்கு எழுதுங்கள். திகதி, தோட்டத்தில் எதைத் தொட்டீர்கள், எதை வெட்டினீர்கள், மழையா வெயிலா, கடி எப்போது தொடங்கியது, உடம்பில் எந்த இடம். இவ்வளவுதான், ஆனால் நேரத்தை மட்டும் சரியாக எழுத வேண்டும், ஏனென்றால் எல்லாம் அதில்தான் இருக்கிறது.

தொட்டுச் சில நிமிடத்தில் கொசு கடித்தது போல தடித்து, சில மணி நேரத்தில் தடம் இல்லாமல் மறைந்தால் அது ஒரு வகை. இதுதான் உடம்பு உடனே எகிறும் ஒவ்வாமை, அரிதாகப் பெரிய ஆபத்தில் போய் முடியக்கூடியதும் இதுவே. தொட்ட உடனே எரிந்து, பட்ட இடத்தில் மட்டும் சிவந்தால், அது பெரும்பாலும் செடியின் பால் தோலைச் சுட்டது, யாருக்குப் பட்டாலும் சுடும். மூன்றாவது வகைதான் ஆளை ஏமாற்றும். தொட்டு ஒரு நாள், இரண்டு நாள், சிலவேளை மூன்று நாள் கழித்துக் கடி தொடங்கி, சின்னச் சின்ன நீர்க்கொப்புளம் போட்டு, தோல் உரிந்து, இரண்டு மூன்று கிழமை இழுத்தடிக்கும். நீங்கள் பத்து வருடமாக ஒன்றும் இல்லாமல் தொட்டுக்கொண்டிருந்த கன்றாகவும் அது இருக்கலாம். "இவ்வளவு நாளும் வராதது இப்ப ஏன் வர வேணும்" என்று கேட்பதில் பிரயோசனம் இல்லை, பல தடவை தொட்டுத்தான் உடம்பு அதைப் பழகி, பிறகு எதிர்க்கத் தொடங்கும்.

அடுத்தது இடம். முன்கையில் கீறிவிட்டது போல நேர்கோடாகச் சிவந்திருந்தால் கிளையோ இலையோ உரசிய கோடு அது, வேறு எதுவும் அவ்வளவு ஒழுங்காகக் கோடு போடாது. விரல் இடுக்கிலும் விரல் நுனியிலும் என்றால் பூக் கட்டுவது, காம்பு கிள்ளுவது. கண் இமை மட்டும் வீங்கியிருந்தால் கண்ணில் ஏதும் விழுந்தது என்று நினைக்காதீர்கள், பெரும்பாலும் நம்முடைய விரல்தான் கொண்டுபோய்ப் பூசியிருக்கும், இமைத் தோல் அவ்வளவு மெல்லியது. முகம், கழுத்து, நாடிக்குக் கீழ், காதுக்குப் பின்னால் என்று எங்கும் இருந்தால் காற்றில் வரும் தூளைச் சந்தேகியுங்கள். முகமும் கழுத்தும் சிவந்து நாடிக்குக் கீழேயும் காதுக்குப் பின்னாலும் மட்டும் தோல் சுகமாக இருந்தால், அங்கே வெயில் படுவதில்லை என்பதை யோசியுங்கள்.

வெயில் என்றதும் தேசிக்காய் ஞாபகம் வருகிறது. தேசிமரத்தைக் கத்தரித்துவிட்டோ, முற்றத்தில் நின்று தேசிக்காய் பிழிந்துவிட்டோ கையைக் கழுவாமல் வெயிலில் நின்றால், அடுத்த நாளோ அதற்கடுத்த நாளோ சுட்ட காயம் போல கொப்பளித்து, பிறகு கறுத்த தழும்பாக மாதக்கணக்கில் நிற்கும். துளி விழுந்த வடிவிலேயே இருக்கும். சின்னப்பிள்ளையின் தோளில் விரல் அடையாளம் போலக் கறுத்திருந்தால், பிடித்தவரின் கையில் தேசிப்புளி இருந்ததா என்று கேட்டுப் பாருங்கள். இது ஒவ்வாமை அல்ல, புளியும் வெயிலும் சேர்ந்து செய்கிற வேலை.

பால் வடியும் கன்றுகள்

காம்பை ஒடித்தால் வெள்ளையாக வடிகிறதா? அப்படியானால் மரியாதையாகப் பழகுங்கள். கொழும்பு வளவுகளில் இந்தக் கூட்டம் பெரிது: அலரி, மஞ்சள் அலரி, அலமண்டா, நந்தியாவட்டை, யூபோபியா, நத்தார் நேரம் சாடியில் விற்கும் பொயின்செட்டியா.

இவற்றில் கண்ணுக்கு மிக ஆபத்தானது யூபோபியா. முள்ளுத் தண்டில் சின்னச் சின்னச் சிவப்பு, மஞ்சள் பூவாக வருடம் முழுக்கப் பூக்கும், அதனால் பல்கனிக்காரருக்கு இதில் ஒரு விசர். திருகுகள்ளியும் இதே குடும்பம். அந்தப் பால் கண்ணில் பட்டால் எரிவு மட்டும் அல்ல, கருவிழி புண்படும், சில மணி நேரம் கழித்துத்தான் நோவு உச்சத்துக்கு வரும், பார்வையும் மங்கும். உடனே குழாயைத் திறந்து, இமையைப் பிடித்து விரித்து, கால் மணி நேரமாவது ஓடும் தண்ணீரில் கழுவுங்கள், பிறகு நோவு குறைந்தாலும் கண் வைத்தியசாலைக்குப் போங்கள், லிப்டன் சுற்றுவட்டத்தில் இருக்கிறதே அதுதான். கன்றின் ஒரு கிளையை பையில் போட்டுக் கொண்டுபோங்கள். தாய்ப்பால் விடுவது, பன்னீர் விடுவது, நந்தியாவட்டைப் பூவைக் கண்ணில் வைப்பது எல்லாம் வேண்டாம். நந்தியாவட்டை கண்ணுக்குக் குளிர்ச்சி என்று எங்கள் ஆச்சியும் சொல்லுவா, ஆனால் அதன் காம்பிலும் பால் இருக்கிறது.

பொயின்செட்டியாவைப் பற்றிப் பயமுறுத்துகிறவர்கள் அதிகம். அவ்வளவு பெரிய நஞ்சு அல்ல. ஆனால் பலூன் ஊதினால் உதடு வீங்குகிறவர்கள், இறப்பர் கையுறை போட்டால் கை தடிக்கிறவர்கள் அதன் பாலைத் தொடாமல் இருப்பது நல்லது, இறப்பர் பாலுக்கு எதிர்க்கும் உடம்பு இதையும் அதுவென்றே எடுத்துக்கொள்ளக்கூடும்.

அலரியைப் பற்றித் தனியே சொல்ல வேண்டும், இந்த ஊரில் பெயரிலேயே குழப்பம் இருக்கிறது. தமிழில் அலரி என்றால் யாழ்ப்பாணத்து வேலிகளில் நிற்கும் அந்த நஞ்சுக் கன்று. சிங்களத்தில் 'அரலிய' என்றால் விகாரையில் தட்டில் வைப்பார்களே, ஐந்து இதழும் நடுவில் மஞ்சளுமாக மணக்கும் பூ, அது வேறு மரம். காலி வீதியில் பிரதமரின் வாசஸ்தலத்துக்கு ஆங்கிலத்திலும் சிங்களத்திலும் பெயர் வந்தது அந்த மணக்கும் மரத்தால்தான், நாங்கள் தமிழில் அதை அலரி மாளிகை ஆக்கிவிட்டோம். சிரிக்கலாம், ஆனால் தோட்டக்காரரோ தாதியோ சிங்களம் மட்டும் தெரிந்தவராக இருந்து, நீங்கள் பதற்றத்தில் "அலரி" என்றால், அவருடைய மனதில் வருவது ஆபத்தில்லாத அந்தப் பூவாக இருக்கலாம். சிங்களத்தில் நம்முடைய அலரி 'கனேரு'. இந்தச் சொல்லை ஞாபகம் வைத்திருங்கள், இல்லாவிட்டால் போனில் படம் எடுத்துக் காட்டுங்கள்.

அலரிப் பால் தோலில் பட்டால் சிலருக்குச் சிவந்து கடிக்கும், கழுவினால் ஆறும். விழுங்கினால் அது அலர்ஜியே அல்ல, நஞ்சு, இதயத் துடிப்பையே குழப்பும். மஞ்சள் அலரி விதையைப் பிள்ளை வாயில் வைத்தது என்று சந்தேகம் வந்தால் வாந்தி வருகிறதா என்று பார்த்துக்கொண்டு இருக்க வேண்டாம், புளிக்கரைசல் பருக்கவும் வேண்டாம், நேரே பெரிய வைத்தியசாலைக்கு. கொழும்பில் தேசிய வைத்தியசாலையில் நஞ்சுகள் பற்றிய தகவல் நிலையமே இருக்கிறது, பிள்ளை என்றால் பொரளை சிறுவர் வைத்தியசாலை. வெட்டிய அலரிக் கிளையை எரிக்கவும் கூடாது, புகையே நெஞ்சுக்குக் கூடாது.

பால் இல்லாதவையும் சும்மா இல்லை

செவ்வந்தி. எங்கள் வீட்டில் இரண்டாவது பாடம் இதில்தான் கிடைத்தது. அம்மாவுக்கு வலது கைப் பெருவிரலும் சுட்டுவிரலும் நுனியில் வெடித்து, அரிசி கழையக்கூட முடியாமல் எரியும். சவர்க்காரத்தை மாற்றினோம், பாத்திரம் கழுவ விடாமல் பார்த்தோம், ஒரு தனியார் கிளினிக்கில் பங்கசு என்று சொல்லி இரண்டு மாதம் கிறீம் பூசவைத்தார்கள், ஒரு மாற்றமும் இல்லை. பிறகு ஒரு வெள்ளிக்கிழமை காலையில் சாமி அறைக்கு மாலை கட்டும்போது அவவின் கையைப் பார்த்துக்கொண்டு இருந்தேன். காம்பைக் கிள்ளுவது அந்த இரண்டு விரல். இடது கை நூலைப் பிடிக்கிறது, அதில் ஒரு வெடிப்பும் இல்லை. செவ்வந்தி, மரிகோல்ட், சூரியகாந்தி, டேலியா, சீனியா எல்லாம் ஒரே குடும்பம், அந்தக் குடும்பத்தின் இலையிலும் காம்பிலும் இருக்கும் சில இரசாயனங்கள் இரண்டு நாள் கழித்துக் கடிக்கும் அந்த மூன்றாம் வகைக்குப் பேர் போனவை. வடக்கில் பரவிக் கிடக்கும் பார்த்தீனியமும் இவர்களுடைய சொந்தம்தான், அது காய்ந்து தூளாகி முகம் முழுக்கக் கடிக்கவைக்கும்.

இந்தக் குடும்பத்துக்குக் கை எதிர்க்கிறது என்று தெரிந்தால் தலைக்குப் பூசும் எண்ணெய்ப் போத்தலையும் திருப்பி வாசியுங்கள். கையாந்தகரை, அதாவது கரிசலாங்கண்ணியும் அதே குடும்பம். எல்லோருக்கும் ஒத்துக்கொள்ளாது என்று இல்லை, ஆனால் நெற்றியும் காதோரமும் காரணம் தெரியாமல் கடித்தால் யோசிக்க வேண்டிய இடம்.

நாயுண்ணியின் சொரசொரப்பான இலை சிலருக்குக் கையைக் கீறிக் கடிக்க வைக்கும். போகன்வில்லா முள்ளுக் குத்தினால் சுற்றிச் சிவப்பது சகஜம், இரண்டு மூன்று நாள் கழித்து வீங்கிச் சூடாக நோகத் தொடங்கினால் அது கிருமி, கிறீம் பூசிக்கொண்டு இருக்காமல் காட்டுங்கள், ஏற்பு ஊசி எப்போது போட்டீர்கள் என்றும் யோசித்து வையுங்கள். மலைநாட்டுப் பக்கம் தலைகீழாகத் தொங்கும் பெரிய எக்காளப் பூவைப் பிடுங்கிவிட்டுக் கண்ணைக் கசக்கினால் அந்தக் கண்ணின் மணி மட்டும் விரிந்து மங்கலாகத் தெரியும், ஊமத்தையின் உறவு என்பதால் வருவது, இதுவும் ஒவ்வாமை அல்ல.

அப்புறம், கன்றே இல்லாமல் கன்றில் இருப்பவர்கள். மசுக்குட்டியின் மயிர் பட்டால் வரும் தடிப்பை எத்தனையோ பேர் பூ அலர்ஜி என்று சொல்லிக்கொண்டு திரிகிறார்கள். பட்ட இடத்தில் செலோடேப்பை ஒட்டி உரித்து எடுங்கள், நாலைந்து முறை, ஒவ்வொரு முறையும் புதுத்துண்டு. அதற்குப் பிறகுதான் கழுவ வேண்டும், தேய்த்தால் மயிர் உள்ளே இறங்கும். முசுறு கடித்தால் கடித்ததே தெரியும், பிரச்சினை இல்லை. குளவி மட்டும் பகிடி அல்ல. முதல் நாள் பூச்சிமருந்து அடித்த கன்றைத் தொட்டீர்களா என்பதையும் கொப்பியில் எழுதுங்கள்.

பட்டவுடன்

சவர்க்காரமும் ஓடும் தண்ணீரும். எவ்வளவு சீக்கிரமோ அவ்வளவு நல்லது, வேலையை முடித்துவிட்டுப் பார்ப்போம் என்றால் பால் காய்ந்து தோலில் பிடித்துவிடும். நகத்துக்குள்ளும் கழுவுங்கள், மோதிரத்தைக் கழற்றிவிட்டு அதன் கீழும். சட்டையை மாற்றி மற்றத் துணிகளோடு சேர்க்காமல் போடுங்கள், கத்தரிக்கோலின் பிடியையும் துடையுங்கள், என்னுடைய கடி ஒருமுறை தோட்டத்துப் பக்கமே போகாத கிழமையில் வந்தது, பிறகு பார்த்தால் கத்தரிக்கோலைத் தூக்கி இடம் மாற்றி வைத்திருக்கிறேன்.

மஞ்சள், பற்பசை, தேசிப்புளி, சுண்ணாம்பு ஒன்றும் வேண்டாம். ஈரத் துணியைக் குளிர்ச்சியாகப் போடலாம், கலமைன் பூசலாம். தும்மலுக்கும் உடனே எழும்பும் தடிப்புக்கும் செட்டிரிசின், லோரட்டடின் போன்றவை கேட்கும். பிரிட்டோனும் கேட்கும், ஆனால் நித்திரை வரும், போட்டுவிட்டு மோட்டார் சைக்கிள் எடுக்காதீர்கள். இரண்டு நாள் கழித்து வருகிற கொப்புளக் கடிக்கு இந்த மாத்திரைகள் பெரிதாக ஒன்றும் செய்யாது, நித்திரைக்கு உதவலாம், அவ்வளவுதான். அதற்கு வேண்டியது ஸ்டெரொயிட் கிறீம். கையில், காலில் கொஞ்ச இடத்துக்கு 1 வீத ஹைட்ரோகோர்ட்டிசோன் சில நாளுக்குப் பூசலாம். கடுமையான கிறீம்களை, பெட்டாமெத்தசோன் மாதிரி, பாமசியில் கேட்டு வாங்கி முகத்தில் பூசுகிற பழக்கம் நம்மிடம் பலருக்கு இருக்கிறது, தயவுசெய்து விடுங்கள், முகத் தோல் மெலிந்து இரத்த நாளம் தெரியத் தொடங்கினால் அது இந்தக் கடியை விடப் பெரிய தலையிடி.

1990க்கு அழைக்க வேண்டிய நேரம்

உதடு, நாக்கு வீக்கம், குரல் மாறுவது, தொண்டை இறுகுவது, இழுப்பு, தலைசுற்றி விழப் பார்ப்பது, உடம்பு முழுக்கத் தடிப்போடு வாந்தி. இவற்றில் ஒன்று வந்தாலே போதும், காத்திருக்க வேண்டாம். பூவால் இது வருவது அரிது, குளவியால் வரும். 1990 சுவசெரிய அம்புலன்ஸ், காசு இல்லை. வரும்வரை ஆளைப் படுக்கவைத்துக் காலை உயர்த்துங்கள், மூச்செடுக்கக் கஷ்டம் என்றால் இருத்தி வையுங்கள், எழும்பி நடக்க மட்டும் விடாதீர்கள். பிரிட்டோன் போட்டுவிட்டோம் என்று நிம்மதியாக இருக்கவும் கூடாது, இந்த நேரத்தில் உயிரைக் காப்பாற்றுகிற மருந்து தொடையில் போடும் அட்ரினலின் ஊசி.

டொக்டரிடம் போகும்போது

கொப்பியைக் கொண்டுபோங்கள், கடி உச்சத்தில் இருந்தபோது எடுத்த படத்தையும் கொண்டுபோங்கள், ஏனென்றால் அப்பொயின்ட்மெண்ட் கிடைக்கிற அன்று பார்த்து எல்லாம் ஆறி அழகாக இருக்கும். சந்தேகப்படும் கன்றின் பூவும் இலையுமாக ஒரு கிளையை மூடிய பையில் போடுங்கள். வீட்டில் இலையை அரைத்துக் கையில் தேய்த்துப் பரிசோதிக்கிற வேலை மட்டும் வேண்டாம், ஒன்றும் இல்லாத தோலையும் அது சுட்டுவிடும், இல்லாத ஒவ்வாமையையும் பழக்கிவிடும்.

பரிசோதனை இரண்டு வகை, எது தேவை என்பது உங்களுடைய கடி எந்த வகை என்பதில் இருக்கிறது. உடனே வரும் தடிப்பு, தும்மல், இழுப்பு என்றால் தோலில் துளி விட்டுக் குத்திப் பார்ப்பது, கால் மணி நேரத்தில் பதில் தெரியும், ஆனால் அலர்ஜி மாத்திரையை ஏறத்தாழ ஒரு வாரம் முன்பே நிறுத்தியிருக்க வேண்டும். இரத்தப் பரிசோதனைக்கு நிறுத்தத் தேவையில்லை. பொரளையில் எம்.ஆர்.ஐ.யில் இந்த வகைப் பரிசோதனைகள் செய்கிறார்கள். எம்.ஆர்.ஐ. என்றதும் ஸ்கேன் என்று நினைத்து என் மாமா பயந்துவிட்டார், அது வைத்திய ஆராய்ச்சி நிலையத்தின் சுருக்கப் பெயர்.

இரண்டு நாள் கழித்து வருவது என்றால் தோல் நோய் நிபுணர்தான். முதுகில் சின்னச் சின்னப் பட்டையாக ஒட்டி, இரண்டு நாள் விட்டுக் கழற்றிப் பார்த்து, மறுபடி நாலாம் நாள் பார்ப்பார்கள். அந்த நாட்களில் முதுகு நனையக் கூடாது, வியர்க்கவும் கூடாது. கொழும்பில் ஏப்ரல் மாதம் வியர்க்காமல் இருப்பது எப்படி என்று என்னிடம் கேட்காதீர்கள், திகதியை டிசம்பர், ஜனவரிக்குக் கேட்டு வாங்குங்கள்.

கன்றையும் வைத்துக்கொண்டு கையையும் காப்பாற்ற

முழுக்கைச் சட்டை, கையுறை. துணிக் கையுறை பாலை உறிஞ்சி வைத்துக்கொண்டு கையோடு ஒத்தடம் கொடுக்கும், வேண்டாம். இறப்பர் கையுறை சிலருக்குத் தானே அலர்ஜி. கொரோனாவுக்குப் பிறகு எந்தப் பாமசியிலும் கிடைக்கிற நீல நைட்ரைல் கையுறை நல்லது. முள்ளுக்கு அது தாங்காது, போகன்வில்லாவுக்குத் தடித்த தோல் கையுறைதான். யூபோபியாவை வெட்டும்போது கண்ணாடி போடுங்கள், வெயில் கண்ணாடி என்றாலும் பரவாயில்லை. கிளையைக் கண்ணுக்கு மேலே பிடித்து வெட்டாதீர்கள்.

பாதையோரம், பிள்ளைகள் உருளும் புல், துணி காயப்போடும் கொடி, இந்த மூன்று இடத்திலும் பால் வடியும் கன்று வேண்டாம். அங்கே இக்சோரா, செவ்வரத்தை வையுங்கள். புல்லைக் கதிர் விட முதல் வெட்டுங்கள், வெட்டும் நாளில் தும்மல்காரர் வீட்டுக்குள் இருக்கட்டும்.

வேலைக்கு ஒருவரைக் கூப்பிடுகிறீர்கள் என்றால் கையுறையை அவருக்கு நீங்கள்தான் வாங்கிக் கொடுக்க வேண்டும். நமக்குக் கடிக்கிறது என்று நாங்கள் ஒதுங்கிக்கொண்டு, அரைக்காற்சட்டையோடு வருகிற ஐயாவிடம் கத்தரிக்கோலைக் கொடுப்பது என்ன நியாயம்? எங்கள் வீட்டுக்கு வருகிறவருடைய முன்கையைப் பார்த்தேன், என்னுடையதை விட மோசமான கோடுகள். "அது வேலை செய்தா வாறது தம்பி" என்றார். முதல் தடவை கையுறையைப் போட்டுவிட்டு விரலை மடக்கி மடக்கிப் பார்த்து, வியர்க்குது என்று கழற்றிவிட்டார், இரண்டு அளவு பெரிதாக வாங்கிக் கொடுத்த பிறகுதான் போட்டுக்கொண்டு வேலை செய்கிறார்.

அம்மா இப்போது செவ்வந்தியைக் காம்பு கிள்ளாமல் ஊசியால் கோக்கிறா, கையுறை போட்டால் பூவின் பதம் தெரியாதாம். கையுறைக்குப் பதில் இரண்டு விரலுக்கு மட்டும் அதையே வெட்டி உறை மாதிரிப் போட்டுக்கொடுத்தேன், அதற்குச் சம்மதம். வெடிப்பு ஆற ஒரு மாதம் சென்றது. குரோட்டன் வேலியை எடுத்துவிட்டோம், வேரோடு, இந்த முறை முழுக்கைச் சட்டையோடு. கேற்றடியில் புது நித்தியமல்லிகை வைத்து ஐந்து மாதம், கம்பியைப் பிடித்து ஏறத் தொடங்கிவிட்டது. அதைக் கத்தரிக்கிற பொறுப்பு மட்டும் எனக்கு இல்லையாம்.